பன்னிரண்டு கஜ அகலத்தில் ஓர் ஆபத்து

அகலம் 12 கஜம்தான். நம் கணக்கில் 11 மீட்டர். பெரிய பாசன வாய்க்கால் ஒன்றைப் பார்த்தவர்களுக்கு இது ஒரு அகலமே இல்லை. அலை கிடையாது, அருவி கிடையாது, முதலை கிடையாது, தண்ணீருக்குள்ளிருந்து எழுந்து வரும் பூதமும் கிடையாது. ஆனாலும் எழுத்தாளர்கள் கற்பனையில் உண்டாக்கிய ஆறுகளில் படிப்பவரை அதிகம் பயமுறுத்துவது எது என்றால் இந்தக் குட்டி ஓடையைத்தான் கை காட்ட வேண்டும். 1937 செப்டம்பரில் வெளிவந்த ஜே.ஆர்.ஆர். டோல்கீனின் ‘தி ஹாபிட்’ நாவலில், மிர்க்வுட் என்ற இருண்ட காட்டின் நடுவே பாதையை வெட்டிக்கொண்டு ஓடுகிறது அது. அதன் தண்ணீர் உடம்பில் பட்டவன் உடனே சாவதில்லை. தூங்கிப்போகிறான். எழுந்திருக்கும்போது நடந்ததெல்லாம் மறந்திருக்கிறது.

மாயாஜாலக் கதைதானே, அதில் எது வேண்டுமானாலும் நடக்கலாம் என்று நினைப்பவர்கள் உண்டு. பிள்ளைகள் கையில் இப்படிப்பட்ட புத்தகத்தைப் பார்த்தால் முகம் சுளிக்கிற பெற்றோர் ஒரு பக்கம். கோடிகளைக் கொட்டி அதே கதையைப் படமாக எடுக்கிறவர்கள் இன்னொரு பக்கம். முன்னவர்கள் கதையைப் படிக்காமல் அப்படி நினைக்கிறார்கள். பின்னவர்கள் படித்துவிட்டும் அப்படியே நினைக்கிறார்கள் என்பதுதான் வேடிக்கை. உண்மையில் மாய ஆற்றை எழுதுவது நிஜ ஆற்றை எழுதுவதைவிடக் கறாரான வேலை. காவிரி என்று எழுதிவிட்டால் மிச்சத்தை வாசகரே நிரப்பிக்கொள்வார். இல்லாத ஆற்றுக்கு அகலம், இழுப்பு, குளிர், கரை, கடக்கும் வழி எல்லாவற்றையும் எழுதுகிறவர்தான் கொடுத்தாக வேண்டும். அதைக் கொடுத்தபிறகு மந்திரத்தைச் சிட்டிகை அளவு போட்டால் போதும்.

அந்த ஓடையைக் கடக்கும் காட்சியையே பார்க்கலாம். 13 குள்ளர்களும் ஹாபிட் என்ற சிற்றுருவ இனத்தைச் சேர்ந்த பில்போவும் காட்டுக்குள் போகிறார்கள். ஓடையில் குடிக்காதே, குளிக்காதே என்று, வழியில் அவர்களுக்கு இடம் கொடுத்த பியோர்ன் முன்கூட்டியே எச்சரித்து அனுப்பியிருக்கிறான். கரைக்கு வந்தால் பாலம் இல்லை. எதிர்க்கரையில் ஒரு தோணி கிடப்பது பில்போவின் கண்ணுக்கு மட்டும் தெரிகிறது. எவ்வளவு தூரம் இருக்கும் என்று கேட்கிறார்கள். 12 கஜத்துக்கு மேல் இருக்காது என்கிறான். குள்ளர்களில் ஒருவருக்கு அது 30 கஜம் போலத் தெரிந்திருக்கிறது, வயதான கண். இருட்டில் நீர்ப்பரப்பின் தூரத்தை மதிப்பிடுவது எவ்வளவு கஷ்டம் என்பது ஆற்றோரம் வாழ்ந்தவர்களுக்குத் தெரியும். டோல்கீனுக்கும் தெரிந்திருக்கிறது.

பிறகு கயிறும் கொக்கியும் வருகின்றன. இளையவனான ஃபீலி எறிகிறான், தவறுகிறது, மறுபடி எறிகிறான். கொக்கி மாட்டியதும் இழுக்கிறார்கள். தோணி அசையவில்லை, எதிர்க்கரையில் அது கட்டப்பட்டிருக்கிறது. இன்னும் பலமாக இழுக்க, கட்டு அறுந்து தோணி வருகிறது. ஒரு தடவைக்கு எத்தனை பேர், யார் முன்னால், யார் பின்னால் என்று குள்ளர் தலைவன் தோரின் வரிசை போடுகிறான். கூட்டத்திலேயே கனமான பாம்பர் கடைசி நடையில். எப்போதும் தன்னையே கடைசியில் தள்ளுவதாக அவன் முணுமுணுக்கிறான். பரிசல் துறையில் நடக்கும் பேச்சைப் போலவே இருக்கிறது. இந்த ஒன்றரைப் பக்கத்தில் மந்திரம் துளியும் இல்லை. முழுக்கவும் கயிறு, எடை, முறை. வாசகர் தன்னையறியாமல் அந்தத் தோணியில் உட்கார்ந்துவிடுகிறார்.

அப்போதுதான் ஒரு கலைமான் இருட்டிலிருந்து பாய்ந்து வந்து எல்லோரையும் இடித்துத் தள்ளிக்கொண்டு ஓடையைத் தாண்டுகிறது. தோரின் அம்பு விடுகிறான். அந்தக் களேபரத்தில் பாம்பர் தண்ணீரில் விழுகிறான். கயிறு வீசி இழுத்துப் போட்டால், ஆள் குறட்டை விடாத குறையாகத் தூங்குகிறான். தோணி இழுப்பில் போய்விட்டது.

மந்திரம் வேலை செய்தாயிற்று. அடுத்து நடப்பதைத்தான் கவனிக்க வேண்டும். தூங்குகிற பாம்பரைத் தூக்கிச் சுமக்க நான்கு நான்கு பேராக முறை வைக்க வேண்டியிருக்கிறது. நாள் கணக்கில் சுமக்கிறார்கள். ஓடைக்கரையில் வெள்ளை மான்கள் தென்பட்டபோது, பதற்றத்தில் கைவசமிருந்த அம்புகளையெல்லாம் விட்டுத் தீர்த்துவிட்டார்கள், ஒன்றும் விழவில்லை. இனி வில் இருந்தும் பயனில்லை. சாப்பாடு தீர்கிறது. பாம்பர் ஒருவழியாக எழுந்து, கனவில் தான் கண்ட விருந்தைப் பற்றிப் பேசிப் பசித்தவர்களின் வயிற்றெரிச்சலைக் கிளப்புகிறான். பசியில் பாதையை விட்டு விலகுகிறார்கள்; ராட்சதச் சிலந்திகளிடம் சிக்குகிறார்கள்; தப்பினால் எல்ஃப் அரசனின் சிறை. இத்தனைக்கும் அந்த 11 மீட்டர் தண்ணீருக்கும் தொடர்பு இருக்கிறது. நிஜ வெள்ளமும் இப்படித்தான். தண்ணீர் வடிந்த பிறகுதான் எது எது போயிற்று என்று கணக்கு எடுக்கிறோம்.

இந்த நாவலை பீட்டர் ஜாக்சன் மூன்று படங்களாக எடுத்தார். இரண்டாவது படமான ‘தி டெசலேஷன் ஆஃப் ஸ்மாக்’ 2013 டிசம்பரில் திரைக்கு வந்தபோது அதில் இந்த ஓடையே இல்லை. வெட்டிவிட்டார்கள். பின்னர் வந்த நீண்ட பதிப்பில்தான் அது தலைகாட்டியது. அங்கும் தோணியும் கொக்கியும் காணோம், கொடிகளைப் பிடித்துக்கொண்டு தாண்டுகிறார்கள். ஓடைக்கு இடமில்லாத அந்தப் படத்தில் வேறொரு ஆற்றுக்குத் தாராளமாக இடம் இருந்தது. சிறையிலிருந்து பீப்பாய்களில் தப்பிக்கும் காட்சி அது.

நாவலில் அந்தத் தப்பித்தல் ஒரு கஷ்டகாலப் பயணம். காலிப் பீப்பாய்க்குள் வைக்கோலைத் திணித்து, ஆளை உள்ளே அடக்கி, மூடியைப் போட்டு ஆற்றில் உருட்டிவிடுகிறார்கள். யார் மேலாக மிதக்கிறார், யார் தலைகீழாக இருக்கிறார் என்று தெரியாது. பில்போவுக்குப் பீப்பாய்கூட இல்லை. ஒன்றின் வெளிப்புறத்தைப் பற்றிக்கொண்டு இரவெல்லாம் குளிர்நீரில் மிதக்கிறான். ஏரி நகரத்தில் கரையேறியவர்கள் அடிபட்டு, விறைத்து, அரை உயிராக இருக்கிறார்கள். பில்போவுக்கு ஜலதோஷம் பிடித்துவிட்டது. விருந்தில் நன்றி சொல்ல எழுந்தால் மூக்கடைப்பில் ஒரு சொல் தெளிவாக வரவில்லை. பெரிய சாகசத்தின் முடிவில் நாயகனுக்கு ஜலதோஷம் கொடுத்த எழுத்தாளரை நம்பாமல் எப்படி இருப்பது?

படத்தில் பீப்பாய்க்கு மூடி இல்லை. எல்லோரும் தலையை நீட்டிக்கொண்டு அருவியில் இறங்குகிறார்கள். இரு கரையிலும் ஓர்க் என்ற அரக்கர்களின் படை. மரத்துக்கு மரம் தாவும் எல்ஃபுகள். ஆள்மாற்றி ஆள் கோடரியைத் தூக்கிப் போட்டுப் பிடிக்கிறார்கள். பாம்பரின் பீப்பாய் கரைக்குத் துள்ளி, பந்து மாதிரிக் குதித்துக் குதித்து ஓர்க்குகளை நசுக்கிவிட்டு ஆற்றுக்கே திரும்புகிறது. நாவலில் பிறர் தோளில் பாரமாகக் கிடந்த அதே பாம்பர். அரங்கில் கைதட்டல் விழுந்திருக்கும். பயம் மட்டும் வரவில்லை. காட்சியின் சில பகுதிகளை நியூசிலாந்தின் பெலோரஸ் ஆற்றில் எடுத்தார்கள். நிஜ ஆற்றுக்குப் போயும் அதை நீர் விளையாட்டுப் பூங்காவாக மாற்றிக்கொண்டு வந்தார்கள்.

இது ஒரு இயக்குநரின் ரசனைப் பிரச்சினை என்று விட்டுவிட முடியாது. ஜார்ஜ் ஆர்.ஆர். மார்ட்டின் 2011இல் எழுதிய ‘எ டான்ஸ் வித் டிராகன்ஸ்’ நாவலில் ராய்ன் என்ற பேராறு வருகிறது. அதன் ஒரு பகுதி முழுக்க மூடுபனி. மூழ்கிய நகரத்தின் இடிபாடுகள். உடம்பு கல்லாக இறுகிக்கொண்டே போகும் நோயாளிகள் பாலத்தின்மேல் அலைகிறார்கள். கழி ஊன்றிச் செல்லும் சிறு படகில், கதையின் நாயகர்களில் ஒருவனான டிரியன் அந்த வழியே போகிறான். தண்ணீரில் விழுந்த அவனைக் காப்பாற்றக் குதித்தவருக்கு நோய் தொற்றிவிடுகிறது. விரல் நுனியில் தொடங்கும் அதை அவர் யாருக்கும் சொல்லாமல் மறைக்கிறார். இங்கேயும் ஆற்றின் வேலை கரையேறிய பிறகே ஆரம்பிக்கிறது. 2015இல் இந்தப் பகுதி தொலைக்காட்சித் தொடரில் வந்தபோது அந்த ஆறு போயிற்று. வலீரியா என்ற பாழடைந்த நகரத்துக்குக் காட்சியை மாற்றி, வானத்தில் ஒரு டிராகனைப் பறக்கவிட்டார்கள். ஆற்றை மட்டும் வைத்துக்கொண்டு காட்சியை ஓட்ட முடியுமா என்ற சந்தேகம் திரைக்காரர்களுக்குத் தீரவே இல்லை.

திரைக்குப் பிரம்மாண்டம் தேவைதானே என்று கேட்கலாம். தேவைதான். டோல்கீனிடமும் பிரம்மாண்டமான வெள்ளம் இருக்கிறது. 1954இல் வந்த ‘தி ஃபெல்லோஷிப் ஆஃப் தி ரிங்’ நாவலில், ப்ரூய்னென் ஆற்றுத்துறையில் காயம்பட்ட நாயகன் ஃப்ரோடோவைத் துரத்தி வரும் ஒன்பது கறுப்புக் குதிரைவீரர்கள்மேல் ஆறு பொங்கி விழுகிறது. ஆற்றை எழுப்பியவர் எல்ஃப் தலைவர் எல்ராண்ட். அலைகளுக்கு வெள்ளைக் குதிரைகளின் உருவம் கொடுத்தது தன் கைவரிசை என்று மந்திரவாதி கேண்டால்ஃப் பிறகு ஒப்புக்கொள்கிறார். 2001 திரைப்படத்தில் குதிரை அலைகள் பிரமாதமாக வந்திருந்தன. ஃப்ரோடோவை ஏற்றிக்கொண்டு வருவதும் மந்திரம் சொல்வதும் எல்ராண்டின் மகள் ஆர்வென் என்று மாற்றியது தனிக் கதை. ஆனால் அந்த வெள்ளத்தின் சாரம் நாவலின் அடுத்த அத்தியாயத்தில் இருக்கிறது. கட்டுக்கு அடங்காத சீற்றத்தை அவிழ்த்துவிட்டோமோ, நம்மவர்களையும் அடித்துக்கொண்டு போய்விடுமோ என்று ஒரு கணம் பயந்ததாகக் கேண்டால்ஃப் சொல்கிறார். மதகைத் திறந்தவரின் பயம் அது. மந்திரவாதிக்கும் அதிலிருந்து விலக்கு இல்லை.

வெள்ளம் வடிந்ததும் தேடுதலுக்கு ஆள் அனுப்புகிறார்கள். மூன்று குதிரைகளின் உடல் ஆற்றுத்துறையிலேயே கிடைக்கிறது. கீழே பாறைகளில் இன்னும் ஐந்து. கூடவே ஒரு கறுப்பு அங்கி. ஒன்பதாவது குதிரையைக் காணவில்லை. வீரர்கள் ஆவிகள் என்பதால் அவர்கள் சாகவும் இல்லை. மந்திர வெள்ளத்துக்கு இப்படி ஒரு சேதக் கணக்கு எழுத எத்தனை பேருக்குத் தோன்றும்?

இந்தக் கண் புத்தகம் படித்து மட்டும் வந்ததில்லை. 1911 கோடையில், 19 வயதில், டோல்கீன் சுவிட்சர்லாந்து மலைகளில் கால்நடையாக அலைந்தார். லாட்டர்ப்ருன்னன் பள்ளத்தாக்கு வழியாகப் போன அந்தக் கூட்டம், அலெட்ச் பனிப்பாறையில் மேலிருந்து உருண்டு வந்த பாறைகளிடமிருந்து மயிரிழையில் தப்பியது. லாட்டர்ப்ருன்னனில் ட்ரும்மல்பாக் என்று ஒரு அருவித்தொடர் மலையின் வயிற்றுக்குள்ளேயே இறங்குகிறது. ஐகர், மோன்க், யுங்ஃப்ராவ் சிகரங்களின் பனி உருகி, நொடிக்கு 20,000 லிட்டர் வரை பாறையைக் குடைந்துகொண்டு பாய்கிறது. பில்போ மலை தாண்டும் பயணத்துக்கு அந்த நடைப்பயணமே ஆதாரம் என்று பிற்காலத்தில் மகனுக்கு எழுதிய கடிதத்தில் அவரே குறிப்பிட்டிருக்கிறார்.

அனுபவம் போக, அவர் வளர்ந்த நாட்டின் கிராமத்துப் பயங்களும் இருந்தன. இங்கிலாந்தின் வடக்கே டீஸ் ஆற்றில் பச்சைத் தலைமுடியுடன் பெக் பௌலர் என்ற கிழவி பதுங்கியிருப்பாள். லங்காஷயர் குட்டைகளில் ஜென்னி கிரீன்டீத் கரைக்கு வரும் குழந்தைகளின் காலைப் பிடித்து இழுப்பாள். குட்டையின்மேல் படரும் பாசியைப் புல்தரை என்று நினைத்துக் குழந்தை காலை வைத்துவிடும். அதைத் தடுக்கத் தாய்மார்கள் கண்டுபிடித்த காவல்காரி அவள். டெவன் பகுதியின் டார்ட் ஆறு வருஷத்துக்கு ஒரு உயிர் கேட்கும் என்பார்கள். நம் ஊரில் இதே பேச்சு, ‘காவு வாங்குது’ என்று வரும். மொழி தெரியாமலே இரண்டு நாட்டு ஆறுகளும் ஒரே கெட்ட பெயரைச் சம்பாதித்திருக்கின்றன.

யார்க்‌ஷயரில் போல்டன் ஆபிக்குப் பக்கத்தில் வார்ஃப் ஆறு திடீரென்று ஒடுங்கும் இடம் ஒன்று உண்டு. ஸ்ட்ரிட் என்று பெயர். அகலமாக வந்த ஆறு, தாவிவிடலாம் போலத் தோன்றும் பாறை இடுக்குக்குள் நுழைகிறது. தண்ணீர் மாயமாகிவிடவில்லை, அகலத்தை ஆழமாக மாற்றிக்கொண்டிருக்கிறது. இருபுறப் பாறையும் அடியில் குடைந்து போயிருப்பதால், விழுந்தவரை இழுப்பு பாறைக்கடியில் செருகிவிடும். பார்க்க ஓடை மாதிரிதான் இருக்கும். தாவ முயன்று மாண்டவர்களின் கதைகள் பல நூற்றாண்டுகளாகச் சொல்லப்படுகின்றன. மிர்க்வுட் ஓடையின் 12 கஜத்தைப் படிக்கும்போது இந்த இடத்தை நினைத்துக்கொள்ளலாம். ஆழம் தெரியாமல் காலை விடாதே என்று நம் பெரியவர்கள் சொன்னதற்கு இதைவிடப் பொருத்தமான இடம் இருக்காது.

மந்திரமே இல்லாத தண்ணீரையும் டோல்கீன் விட்டுவைக்கவில்லை. ஃப்ரோடோவின் அப்பா, அம்மா இருவரும் ப்ராண்டிவைன் ஆற்றில் படகு கவிழ்ந்து இறந்தவர்கள். ராத்திரிச் சாப்பாட்டுக்குப் பிறகு நிலா வெளிச்சத்தில் படகில் போனார்கள், அவ்வளவுதான். சாராயக் கடையில் ஊரார் இதைப் பேசும்போது, அவள் அவனைத் தள்ளினாள், அவன் அவளை இழுத்தான் என்று ஒருவன் வம்பு வளர்க்கிறான். தண்ணீரில் ஒரு சாவு விழுந்தால் ஊர்வாய் எப்படிச் சுழலும் என்பதை அப்படியே பிடித்திருக்கிறார். ஊழிக்காலப் போரைச் சொல்லப்போகும் கதை, ஒரு சாதாரணப் படகு விபத்தில் அநாதையான பிள்ளையிடமிருந்து தொடங்குகிறது. 2021இல் உலகம் முழுவதும் சுமார் 3 லட்சம் பேர் நீரில் மூழ்கி இறந்ததாக உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீடு. அவர்களில் பெரும்பாலோரைக் கொன்றது ஊருக்குப் பக்கத்துத் தண்ணீர்தான்.

விதிகளைத் தளர்த்தினால் என்னாகும் என்பதற்கும் டோல்கீனே உதாரணம். கறுப்புக் குதிரைவீரர்களுக்குத் தண்ணீரைக் கண்டால் பயம் என்று அவர் ஒரு யோசனை வைத்திருந்தார். வழியெல்லாம் ஆறுகள் இருக்கும்போது அவர்கள் எப்படி நாடு முழுக்கச் சுற்றினார்கள்? 1980இல் ‘அன்ஃபினிஷ்ட் டேல்ஸ்’ தொகுப்பைக் கொண்டுவந்த மகன் கிறிஸ்டோபர், அந்த யோசனையைக் கதை முழுக்கக் கொண்டுசெல்வது தன் தந்தைக்கே கடினமாக இருந்தது என்று குறிப்பெழுதினார். இன்னொரு சந்தேகமும் வாசகர்களிடம் உண்டு. ‘தி ஹாபிட்’ வரைபடத்தில் அந்த மாய ஓடை வடக்கே போய்க் காட்டாற்றில் கலக்கிறது. அதே ஆற்றில்தான் பீப்பாய்கள் மிதந்தன. அப்படியானால் பில்போ ஏன் தூங்கவில்லை? பெரிய ஆற்றில் மந்திரம் நீர்த்துப்போயிற்று என்று சமாதானம் சொல்பவர்கள் இருக்கிறார்கள். சாயப்பட்டறைக் கழிவுக்குச் சொல்லப்படும் சமாதானத்தையே மந்திரத்துக்கும் சொல்கிறார்கள். ஆனால் இப்படி ஒரு கேள்வி எழுவதே ஆற்றை நம்பியதால்தான். பந்து மாதிரிக் குதிக்கும் பீப்பாயிடம் யாரும் கேள்வி கேட்பதில்லை.

தமிழில் இந்த வித்தை தெரிந்தவர் கல்கி. ‘பொன்னியின் செல்வன்’ மாயாஜாலக் கதை இல்லைதான். ஆனாலும் கோடிக்கரைச் சதுப்பில் இரவில் எரிந்து அணையும் கொள்ளிவாய்ப் பிசாசுகளைத் தன் காதலர்கள் என்று பூங்குழலி வந்தியத்தேவனுக்குக் காட்டும் இடம், எந்த மாயக் கதைக்கும் குறைந்ததில்லை. சதுப்பில் மட்கும் பொருள்களின் வாயுவே அந்த ஒளிக்குக் காரணம் என்பது பொதுவான விளக்கம். விளக்கம் தெரிந்த பிறகும் முதுகு சிலிர்க்கிறது, ஏனென்றால் புதைசேறு நிஜம், கோடிக்கரை நிஜம். அதே ஒளிகள் டோல்கீனின் பிணச் சதுப்பிலும் மினுங்குகின்றன. தண்ணீருக்கடியில் போரில் மாண்டவர்களின் முகங்கள் தெரிகின்றன. முதல் உலகப் போரில், 1916இல் சோம் போர்முனையில் இருந்தவர் அவர். அந்தச் சதுப்பு, சோம் போருக்குப் பிந்தைய வட பிரான்ஸுக்கு ஓரளவு கடன்பட்டது என்று 1960இல் எழுதினார்.

இப்போது ‘தி ஹண்ட் ஃபார் கோலம்’ என்ற புதிய படம் தயாராகிறது. 2027 டிசம்பரில் வெளியிடத் திட்டம். கோலத்தின் கதை தொடங்குவதே ஆற்றில்தான். கிளாடன் ஆற்றுப் பக்கம் டீகோல் தூண்டில் போடுகிறான். பெரிய மீன் ஒன்று அவனைத் தண்ணீருக்குள் இழுக்கிறது. அடியில் ஏதோ மின்னுகிறது. கை நிறையச் சேற்றோடு கரையேறுகிறான். சேற்றைக் கழுவினால் மோதிரம். அதற்காக, பின்னாளில் கோலமாக மாறப்போகும் நண்பன் ஸ்மீகோலே அவன் கழுத்தை நெரிக்கிறான். 2003இல் வந்த ‘தி ரிட்டர்ன் ஆஃப் தி கிங்’ இந்தக் காட்சியோடுதான் ஆரம்பித்தது. புழு, தூண்டில், ஒரு படகு, இரண்டு பேர், சேறு. படை கிடையாது, டிராகன் கிடையாது. ஜாக்சன் எடுத்த ஆற்றுக் காட்சிகளிலேயே நெஞ்சைப் பிசைவது அதுதான். பீப்பாய்க் காட்சியை எடுத்த கையா என்று கேட்க வைக்கும். அந்தப் படகில் ஸ்மீகோலாக உட்கார்ந்திருந்தவர் ஆண்டி செர்கிஸ். புதிய படத்தை இயக்குவதும் அவரே. தயாரிப்பாளர்கள் பெரிய வெள்ளக் காட்சி ஒன்று வேண்டும் என்று கேட்டால், அந்த ஐந்து நிமிடத்தைப் போட்டுக் காட்டிவிட்டு அவர் பேச்சை ஆரம்பிக்கலாம்.